பெத்தாவின் முகத்தைத் திருத்தும் உரிமை யாருக்கு?

கேள்வி:

நான் மட்டக்களப்பு வாவிக்கு மேற்கே உள்ள படுவான்கரையைச் சேர்ந்தவள். கல்லடியில் காட்சிக் கலை படித்து முடித்துவிட்டு, மட்டக்களப்பு நகரில் ஒரு புகைப்பட ஸ்டூடியோவில் பழைய படங்களைத் திருத்தும் வேலை செய்கிறேன். என் பெத்தாவின் (அம்மாவின் அம்மா) படங்கள் எல்லாம் இடப்பெயர்வுகளில் போய்விட்டன. மிஞ்சியது தேசிய அடையாள அட்டையில் இருந்த சிறிய கறுப்பு வெள்ளைப் படம் மட்டும். அதைச் செயற்கை நுண்ணறிவுச் செயலி ஒன்றில் கொடுத்து, இளம்பெண்ணாக, மணப்பெண்ணாக, வயலில் நிற்பவளாக, விண்வெளி உடை அணிந்தவளாக ஒரு படவரிசை செய்து இன்ஸ்டகிராமில் வெளியிட்டேன். நிறையப் பேர் பாராட்டினார்கள். ஐரோப்பாவில் உள்ள ஒரு கலைக்கூடம், போருக்குப் பிந்திய தமிழ்ப் பெண் அடையாளமும் தொழினுட்பமும் என்ற கண்காட்சிக்காக அதே போன்ற இருபது படங்களையும், என்னைப் பற்றிய ஒரு குறிப்பையும், நான் முகம் காட்டிப் பேசும் ஒரு காணொளியையும் கேட்டிருக்கிறது. என் ஆசிரியரோ பொத்தானை அழுத்தி வருவது ஓவியமாகாது என்கிறார். அம்மா படங்களைப் பார்த்தார். “இது என் அம்மா இல்லை” என்று சொல்லிவிட்டு எழுந்து போய்விட்டார். என் முகத்தை இணையத்தில் போடவே கூடாது என்று அண்ணன் சண்டை பிடிக்கிறார்.

இன்னொன்று. 1990 இல் காணாமல்போன தன் மகனின் படத்தை ஒரு தாய் ஸ்டூடியோவுக்குக் கொண்டுவந்து, இப்போது அவன் எப்படி இருப்பான் என்று கணினியில் செய்து தரச் சொன்னார். அதைப் போன்ற படங்களையும் இந்த வரிசையில் சேர்க்கலாமா என்று யோசிக்கிறேன். நான் செய்வது கலைதானா? என்னை யார் என்று எழுதுவது?

பதில்:

அன்பின் மகளுக்கு,

உங்கள் படங்களைப் பற்றி நான்கு தரப்பினர் பேசியிருக்கிறார்கள். ஆசிரியர் கருவியைப் பற்றிப் பேசுகிறார். அண்ணன் பாதுகாப்பைப் பற்றிப் பேசுகிறார். கலைக்கூடம் தன் கண்காட்சித் தலைப்பைப் பற்றிப் பேசுகிறது. படத்தைப் பார்த்துப் பேசியவர் அம்மா ஒருவர்தான். ஆகவே நான் அவரிலிருந்தே தொடங்குகிறேன்.

அம்மா மனம் நொந்து சொன்னது தொழினுட்பப்படியும் சரி. ஸ்கேன் செய்த அடையாள அட்டைப் படத்தைத் திரையில் பெரிதாக்கி, பெத்தாவின் ஒரு கண்ணுக்கு எத்தனை புள்ளிகள் கிடைத்திருக்கின்றன என்று பாருங்கள். லேமினேட் தாளின் மங்கலையும் கீறல்களையும் கழித்தால் மிஞ்சுவது சாம்பல் நிறக் கட்டங்கள் சில. செயலி அந்தக் கட்டங்களைத் தெளிவாக்கவில்லை. அந்த இடத்தில் ஒரு கண் இருக்க வேண்டும் என்று கணித்து, தான் முன்பு பயின்ற கண்களைக் கொண்டு புதிதாக ஒன்றைச் செய்து வைத்தது.

எந்தக் கண்கள்? முகங்களைச் செப்பனிடும் கருவிகள் பலவற்றுக்குப் பயிற்சிப் பாடமாக அமைந்தது எஃப்எஃப்எச்க்யூ என்ற படத்தொகுப்பு. என்விடியா நிறுவன ஆய்வாளர்கள் 2019 இல் வெளியிட்டது. அதில் 70,000 முகங்கள். எல்லாம் ஃபிளிக்கர் என்ற படப் பகிர்வுத் தளத்தில் ஆட்கள் ஏற்றிய படங்களிலிருந்து எடுத்தவை. படுவான்கரைப் பெண்கள் ஃபிளிக்கரில் படம் ஏற்றிக்கொண்டிருந்ததாக எனக்கு நினைவில்லை. 2020 இல் அமெரிக்காவின் டியூக் பல்கலைக்கழகத்தில் உருவான பல்ஸ் என்ற கருவியிடம் பராக் ஒபாமாவின் மங்கலாக்கிய படத்தைக் கொடுத்தார்கள். அது மிகத் தெளிவான ஒரு வெள்ளைக்காரரைத் திருப்பித் தந்தது. உலகம் முழுவதும் தெரிந்த முகத்துக்கே அந்தக் கதி என்றால், ஒரேயொரு அட்டையில் மட்டும் இருக்கும் முகத்துக்கு என்ன நடந்திருக்கும்?

உடை, நகை, பின்னணி விடயத்தில் நிலைமை இன்னும் மோசம். நீங்கள் அனுப்பிய மணப்பெண் படத்தில் பெத்தா பெரிய குங்குமப் பொட்டும், தலை நிறைய மல்லிகையும், அகன்ற சரிகைக் கரைப் பட்டுமாக நிற்கிறார். பின்னால் தஞ்சாவூர்ப் பாணியில் ஒரு கோபுரம். கொக்கட்டிச்சோலைப் பக்கத்தில் அந்தக் காலத்து விவசாயக் குடும்பத்தில் கல்யாணம் எப்படி நடந்தது என்று உங்கள் அம்மாவைக் கேட்டால் சிரிப்பார், அல்லது மறுபடியும் எழுந்து போய்விடுவார். தமிழ்ப் பெண் என்று கேட்டால், இணையத்தில் அந்தப் பெயரோடு அதிகம் இருக்கும் விளம்பரப் படங்களின் சராசரியைத்தான் கருவி தரும். மட்டக்களப்பு வாவி என்று நான் ஒரு முறை கேட்டதற்குக் கேரளத்துப் படகுவீடு வந்தது. பார்ப்பதற்கு அழகாகத்தான் இருந்தது.

இதற்காகக் கருவியை மட்டும் திட்டுவதும் நியாயமல்ல. நம் ஸ்டூடியோக்கள் கணினி வருவதற்கு முன்னரே இதைச் செய்து வந்தன. வாழ்நாளில் சாரத்தையும் துவாயையும் தவிர வேறெதுவும் உடுத்தாத மனிதருக்கு 31 ஆம் நாள் நினைவுப் படத்தில் கோட்டும் டையும் மாட்டி வைத்தார்கள். கறுத்த முகத்தை ஒரு படி வெளுப்பாக்கித் தரச் சொல்லாத குடும்பம் குறைவு. நீங்களே நாள்தோறும் செய்யும் வேலை இது. உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. வித்தியாசம் ஒன்று இருக்கிறது. அன்று கோட்டு பொய் என்பது வீட்டில் எல்லோருக்கும் தெரியும், முகம் மட்டும் அவருடையதாகவே இருந்தது. இன்று முகமே மாறுகிறது, மாறியதும் யாருக்கும் தெரிவதில்லை.

உங்கள் அம்மாவுக்குத் தெரிந்தது. இந்த உலகத்தில் அதைக் கண்டுபிடிக்கக் கூடிய மிகச் சிலரில் அவர் ஒருவர்.

எனவே என் தீர்ப்பை நேராகச் சொல்லிவிடுகிறேன். இன்ஸ்டகிராமில் நீங்கள் வெளியிட்ட வரிசை பலவீனமானது. கருவி கொடுத்ததை நீங்கள் ஏற்றுக்கொண்டு நின்றுவிட்டீர்கள். விண்வெளி உடை போட்ட பெத்தாவை நாளைக்கு யாரும் எங்கிருந்தும் செய்யலாம். உங்களால் மட்டும் செய்யக்கூடிய வேலை அதற்கு அடுத்த படியில் இருக்கிறது: கருவி எங்கெங்கே பெத்தாவைப் பிழையாக ஊகித்தது என்பதை அந்தப் படத்தின் மேலேயே காட்டுவது.

செய்முறையாகச் சொல்கிறேன். கருவி தந்த படங்களில் ஐந்தாறை மட்டும் தேர்ந்து, மை பிடிக்கக் கூடிய மங்கல் தாளில் பெரிதாக அச்சிடுங்கள். பளபளப்புத் தாளில் பேனா வழுக்கும். வீட்டுக்குக் கொண்டுபோய் அம்மாவிடம் ஒரு பேனாவைக் கொடுங்கள். திருத்தச் சொல்லுங்கள். மூக்குத்தி எந்தப் பக்கம், கொண்டை எவ்வளவு உயரம், வெற்றிலை போட்ட உதடு எப்படி, காது எவ்வளவு தொங்கியிருந்தது என்று அவர் கோடு போடட்டும், எழுதட்டும், வெட்டட்டும். அம்மாவுக்கு வரையத் தெரியாது என்று தயங்காதீர்கள். தெரியாமல் போட்ட கோடுதான் இங்கே வேண்டும். அவர் சம்மதித்தால் பேசுவதைக் கைத்தொலைபேசியில் பதிவு செய்யுங்கள். சித்தியும் பெரியம்மாவும் பக்கத்தில் இருந்தால் அவர்கள் ஒருவரையொருவர் மறுத்துப் பேசுவார்கள், அதையும் நிறுத்தாமல் பதிவு செய்யுங்கள். ஒரே பெண்ணின் முகத்தைப் பற்றி மூன்று மகள்மார் ஒத்துப்போகாத அந்தச் சண்டையில் எந்தச் செயலியும் தராத விபரம் வரும்.

இந்த ஊரில் இதற்கு இன்னொரு பொருத்தமும் உண்டு. மட்டக்களப்பிலும் அம்பாறைக் கரையோரத்திலும் குடி, அதாவது வம்சக் குழு, தாய் வழியாக வருகிறது. தமிழர் மத்தியிலும் முஸ்லிம்கள் மத்தியிலும் அப்படித்தான். கோயில் உரிமை முதற்கொண்டு கல்யாணப் பேச்சு வரை அது பார்க்கப்படுகிறது. வீடும் மகளுக்குத்தான் போகிறது. உங்கள் குடி அம்மாவிடமிருந்து வந்தது, அம்மாவின் குடி பெத்தாவிடமிருந்து வந்தது. நீங்கள் கையில் எடுத்திருப்பது உங்கள் குடும்பத்தில் அடையாளம் இறங்கிவந்த அதே தாய்வழிக் கோடு. அந்தக் கோட்டில் நடுவில் இருப்பவரைக் கேட்காமல் படத்தை வெளியிட்டதுதான் அவர் எழுந்து போனதற்குக் காரணம் என்று நினைக்கிறேன். (குடிமுறையை நான் புகழவில்லை. அதற்குள் இருக்கும் மேல் கீழ்க் கணக்குகளும் எனக்குத் தெரியும். அதையும் நீங்கள் ஒரு நாள் கையில் எடுக்கலாம்.)

அடையாள அட்டையின் எண்ணையும் பாருங்கள். 1972 முதல் வழங்கப்படும் இந்த அட்டையின் பழைய எண்ணில் முதல் இரண்டு இலக்கங்கள் பிறந்த ஆண்டு. அடுத்த மூன்றும் அந்த ஆண்டின் எத்தனையாவது நாள் என்பது. பெண்ணாக இருந்தால் அந்த நாளோடு 500 ஐக் கூட்டுவார்கள். பெப்ரவரி 1 ஆம் திகதி பிறந்த ஆணுக்கு 032, அதே நாளில் பிறந்த பெண்ணுக்கு 532. 2016 இல் எண் 12 இலக்கமானபோதும் இந்த 500 போகவில்லை. அரசு பெத்தாவைப் பெண் என்று எழுதிய விதம் இது. குடிக்கு அந்த அட்டையில் இடமே கிடையாது. இப்போது டிஜிட்டல் அடையாள அட்டைக்கு நாடு ஆயத்தமாகிக்கொண்டிருக்கிறது. தொழினுட்பமும் அடையாளமும் என்ற தலைப்புக்கு விண்வெளி வரை போக வேண்டியதில்லை. உங்கள் வீட்டு அலுமாரியில் லேமினேட் செய்து கிடக்கிறது. ஆனால் கவனம்: பெத்தாவின் முழு எண்ணையும் காட்சிக்கு வைக்காதீர்கள். அந்த 500 ஐ மட்டும் எடுங்கள்.

இந்த வழியில் ஏற்கெனவே நடந்தவர்களைப் பார்த்து வைப்பது நல்லது. அமெரிக்கக் கலைஞர் ஸ்டெஃபனி டின்கின்ஸ் தன் குடும்பத்தின் மூன்று தலைமுறைப் பெண்களின் வாய்மொழிக் கதைகளைக் கொண்டு பேசும் கருவி ஒன்றைப் பயிற்றினார். தரவு குறைவு என்பதால் அது சில இடங்களில் தடுமாறிப் பேசும். அந்தத் தடுமாற்றத்தை அவர் மறைக்கவில்லை. பிரித்தானியக் கலைஞர் ஆனா ரிட்லர் இணையத்தில் கிடைத்த பூப்படங்களை அள்ளாமல், நெதர்லாந்தில் இருந்து தானே ஏறத்தாழ 10,000 துலிப் பூக்களைப் படம் எடுத்து, ஒவ்வொன்றுக்கும் கையால் குறிப்பு எழுதி, அதைக் கொண்டே கருவியைப் பயிற்றினார். அந்தப் பூப்படங்களையும் கைக்குறிப்புகளையும் ஒரு படைப்பாகச் சுவரில் வைத்தார். 2019 இல் கலைஞர் டிரெவர் பாக்லனும் ஆய்வாளர் கேட் குரோஃபர்டும் இமேஜ்நெட் என்ற பெரும் படத்தொகுப்பு மனிதர்களுக்கு ஒட்டியிருந்த பெயர்களை மக்கள் தாங்களே கண்டுகொள்ள ஒரு தளம் அமைத்தார்கள். ஆட்கள் தங்கள் படத்தை ஏற்றிவிட்டு, தமக்கு வந்த வசைப்பெயர்களைக் கண்டு திகைத்தார்கள். அதே மாதத்தில் இமேஜ்நெட் தரப்பினர் 600,000 படங்களை நீக்கப் போவதாக அறிவித்தார்கள். மூன்றிலும் பொதுவாக இருப்பதைப் பாருங்கள். கருவி எதைத் தின்று வளர்ந்தது என்பதையே அவர்கள் காட்சிக்கு வைத்தார்கள்.

உங்கள் ஊரில் வடமோடிக் கூத்து ஆடுபவர்கள் இருந்தால், ஓர் உபரி யோசனை. உடலசைவைக் கண்டுபிடிக்கும் இலவசக் கருவிகள் இப்போது கைத்தொலைபேசியிலேயே ஓடுகின்றன. கூகுளின் மீடியாபைப் உடலில் 33 புள்ளிகளைக் குறித்துக்கொண்டு அசைவைப் பின்தொடரும். கரப்புடுப்பு என்ற அகல விரிந்த கூத்து உடை அணிந்த கூத்தரின் முன்னால் அதை வைத்தால் இடுப்புக்குக் கீழே திணற வேண்டும். துணியின் விரிவுக்குள் மறைந்த முழங்காலை அது ஊகித்தாக வேண்டும். உலா வரும்போதும் பொடியடி என்ற ஆட்டம் எடுக்கும்போதும் அந்த ஊகம் எங்கெங்கே தாவுகிறது என்று பதிவு செய்து, கூத்துப் பழக்கும் அண்ணாவியாரிடம் காட்டித் தாளக்கட்டோடு ஒப்பிடச் சொல்லுங்கள். அவர் சிரிப்பார் என்பது நிச்சயம். அவர் எந்த இடத்தில் சிரிக்கிறார் என்பதைக் குறித்துக்கொள்ளுங்கள். இதை நீங்கள் செய்யாவிட்டால் நானே யாரையாவது பிடித்துச் செய்விப்பேன்.

இனி, அந்தத் தாய்.

இது உங்கள் கடிதத்தின் கடைசியில் இரண்டு வரியாக வந்திருக்கிறது. எனக்கு அதுதான் மிகப் பாரமான பகுதி. இரண்டு கேள்விகள் அதில் கலந்து கிடக்கின்றன. அவர் கேட்டதைச் செய்து கொடுக்கலாமா என்பது ஒன்று. அதை உங்கள் கண்காட்சியில் வைக்கலாமா என்பது மற்றது.

இரண்டாவதற்கு என் பதில் கூடாது என்பதே. ஸ்டூடியோவுக்கு வரும் படம் வேலைக்காக வருகிறது. திருத்திக் கொடுத்துக் காசு வாங்கியதோடு உங்களுக்கும் அதற்கும் உள்ள தொடர்பு முடிந்தது. காணாமல் ஆக்கப்பட்டவர்களின் படங்களைச் சுமந்துகொண்டு வெயிலில் உட்கார்ந்திருக்கும் தாய்மாரை நாம் ஆண்டுக்கணக்காகப் பார்க்கிறோம். அந்தப் படம் அவர்களுக்கு ஆதாரம், முறைப்பாடு, பூசை எல்லாம். அதை உருமாற்றி வேறு நாட்டுச் சுவரில் தொங்கவிடும் உரிமை உங்களுக்கு இல்லை. அந்தத் தாயே ஒரு நாள் முன்வந்து, இதைச் செய்வோம் மகள், உலகம் பார்க்கட்டும் என்று சொன்னால், அப்போது அது அவருடைய படைப்பு, நீங்கள் உதவியாளர். அதுவரை அந்தப் படத்தை உங்கள் சொந்தக் கணினியில் பிரதி எடுத்தும் வைக்காதீர்கள். எந்தச் செயலியிலும் ஏற்றுவதற்கு முன் அது படங்களை என்ன செய்கிறது என்ற நிபந்தனையைப் படியுங்கள். பல இலவசச் செயலிகள் ஏற்றிய படத்தைத் தங்கள் பயிற்சிக்குப் பயன்படுத்த அனுமதி எடுத்துக்கொள்கின்றன.

முதலாவது கேள்வி கடினமானது. காணாமல்போன பிள்ளைகளைத் தேடுவதற்காக வயதேற்றிய படம் வரையும் தடயவியல் ஓவியர்கள் வெளிநாடுகளில் இருக்கிறார்கள். அவர்கள் பெற்றோரும் சகோதரங்களும் அதே வயதில் எப்படி இருந்தார்கள் என்ற படங்களைச் சேகரித்து வைத்துக்கொண்டு வேலை செய்வார்கள். கைத்தொலைபேசிச் செயலிக்கு அந்தத் தகப்பனையும் தெரியாது, மாமனையும் தெரியாது. அது யாரோ ஆயிரக்கணக்கானவர்களின் முதுமையை எடுத்து அந்தப் பையனின் மேல் பூசும். அந்தத் தாய் அந்த முகத்தை நம்பிவிட்டால் பஸ்ஸிலும் கோயில் திருவிழாவிலும் அந்த முகத்தைத்தான் தேடுவார். நான் உங்கள் இடத்தில் இருந்தால், பழைய படத்தை எந்த ஊகமும் இல்லாமல், கீறலையும் தூசியையும் மட்டும் நீக்கிப் பெரிதாக்கிக் கொடுப்பேன். வயதேற்றுவது ஏன் சரிவராது என்று அவர் முகம் பார்த்துச் சொல்வேன். அதற்குப் பிறகும் அவர் கேட்டால்? இப்படி இருப்பான் என்று சொல்லாமல், கணினி இப்படிக் கற்பனை செய்கிறது என்று அச்சிலேயே எழுதிக் கொடுப்பேன். அந்த வேலைக்குக் காசு வாங்க மாட்டேன். உங்கள் முதலாளி வாங்கச் சொன்னால் அது உங்களுக்கும் அவருக்கும் இடையில்.

ஆசிரியரின் குற்றச்சாட்டுக்கு அதிக நேரம் வேண்டியதில்லை. ஹங்கேரியில் பிறந்து பாரிஸில் வாழ்ந்த வேரா மோல்னார் 1968 இலேயே கணினியைக் கொண்டு கோடு வரைந்தார். 2023 இல் இறக்கும்வரை வரைந்தார். கணினி தொட்டால் கலை கெடும் என்ற வழக்கு அப்போதே தீர்ந்துவிட்டது. ஆனாலும் உங்கள் ஆசிரியர் சொன்னதில் பாதி சரி. மோல்னார் ஒவ்வொரு கோட்டின் விதியையும் தானே எழுதினார், ஒழுங்கு எந்த இடத்தில் குலைய வேண்டும் என்பதையும் தானே தீர்மானித்தார். பெத்தா வரிசையில் நீங்கள் தீர்மானித்தது என்ன என்று ஆசிரியர் கேட்டால் இப்போது உங்களிடம் பதில் இல்லை. அம்மாவின் பேனா வந்த பிறகு இருக்கும். ஆசிரியரிடம் அப்போது கொண்டுபோய்க் காட்டுங்கள்.

அண்ணனோடு சண்டை பிடிக்க வேண்டாம். பெண்களின் முகத்தை எடுத்து அசிங்கமான போலிப் படம் செய்வது இங்கே நடக்கிறது; பாதிக்கப்பட்டவள் விளக்கம் சொல்ல வேண்டிய ஊர் இது. 2024 இல் இணையப் பாதுகாப்புச் சட்டம் வந்திருக்கிறது, பொலிஸில் கணினிக் குற்றப் பிரிவு இருக்கிறது. ஆனால் முறைப்பாடு கொடுத்துத் தீர்வு வருவதற்குள் படம் நூறு கைகள் மாறிவிடும். அதே நேரம், முகம் காட்டாதவள் கலைஞர் ஆக முடியாது என்று எந்தச் சட்டமும் இல்லை. அமெரிக்கக் கலைஞர் லின் ஹெர்ஷ்மன் லீசன் 1973 முதல் 1978 வரை ரொபேர்ட்டா பிரெய்ட்மோர் என்ற இல்லாத பெண்ணாக சான் பிரான்சிஸ்கோவில் வாழ்ந்தார். அந்தப் பெயரில் சாரதி அனுமதிப்பத்திரம் எடுத்தார், வங்கிக் கணக்குத் திறந்தார், மனநல மருத்துவரிடமும் போனார். இல்லாத ஒருத்திக்கு இத்தனை காகிதம் கிடைத்தபோது, இருப்பவள் என்பதற்கு என்ன ஆதாரம் என்ற கேள்வி தானாக எழுந்தது. கலைக்கூடம் கேட்ட காணொளியில் உங்கள் கைகள் போதும். மேசையில் படத்தை விரித்து வைத்து, கையும் குரலும் மட்டுமாகப் பேசுங்கள். இணையத்தில் போடும் படங்களைச் சிறிய அளவில் போடுங்கள். சிக்காகோ பல்கலைக்கழகத்தினர் 2023 இல் வெளியிட்ட கிளேஸ் என்ற இலவச மென்பொருள், ஓவியரின் பாணியைச் செயலிகள் கற்பதைக் குழப்புவதற்காகவே செய்யப்பட்டது. முழுக் காப்பு அல்ல. உங்கள் கையோவியங்களுக்குப் பயன்படுத்திப் பாருங்கள்.

கலைக்கூடத்தை நான் சந்தேகக் கண்ணால் பார்க்கவில்லை. அழைப்பு நல்லது, போங்கள். ஆனால் அவர்கள் தலைப்பைத் தீர்மானித்துவிட்டுத்தான் உங்களைத் தேடியிருக்கிறார்கள். போர், தமிழ், பெண் என்ற மூன்று சொல்லும் உங்களுக்குப் பொருந்தும் என்பதற்காக மூன்றையும் கழுத்தில் மாட்டிக்கொள்ள வேண்டியதில்லை. லண்டனில் பிறந்த ஈழத்தமிழ் வம்சாவளிக் கலைஞர் கிறிஸ்டோஃபர் குலேந்திரன் தோமஸ் செயற்கை நுண்ணறிவால் உருவாக்கிய பேசும் உருவங்களை வைத்துப் பெரிய காணொளிப் படைப்புகள் செய்கிறார். 2022 இல் பெர்லினிலும் லண்டனிலும் அவருக்குத் தனிக் கண்காட்சிகள் நடந்தன. நடக்காமல் போன ஒரு வரலாற்றைக் கருவியிடம் கற்பனை செய்யச் சொல்வது அவர் வழி. தூரத்திலிருந்து பார்ப்பவருக்கு அது இயல்பு. யாழ்ப்பாணத்தில் ஓவியர் தா. சனாதனன் இடம்பெயர்ந்தவர்களிடம் அவர்கள் விட்டு வந்த வீட்டின் வரைபடத்தை நினைவிலிருந்து வரையச் சொல்லி, அதோடு கட்டடக் கலைஞரின் வரைபடத்தையும் தன் ஓவியத்தையும் சேர்த்து 2011 இல் நூலாக்கினார். அதில் செயற்கை நுண்ணறிவு கிடையாது. ஆனாலும் உங்கள் வேலை அவருடையதற்குத்தான் கிட்ட நிற்கிறது என்பது என் எண்ணம். கண்காட்சியை அமைக்கும் வெளிநாட்டுக் கியூரேட்டர் உங்களை முதலாமவரோடு சேர்த்துப் பேசக் கூடும். மறுத்துச் சொல்லத் தயாராக இருங்கள்.

என்னை யார் என்று எழுதுவது என்று கேட்டீர்கள். விளிம்புநிலை, கலப்பு அடையாளம், எல்லை கடந்த சுயம் என்றெல்லாம் எழுத வேண்டாம். அந்தச் சொற்களை அவர்கள் பக்கத்துக்குப் பக்கம் படித்துச் சலித்திருப்பார்கள். செய்ததைச் சொல்லுங்கள். இப்படி:

“இவர் என் தாயின் தாய். அரசு இவருடைய முகத்தை ஒரு தபால் முத்திரை அளவில் வைத்திருந்தது. கணினி அதைப் பார்த்து வேறொரு பெண்ணை வரைந்தது. என் அம்மாவும் அவருடைய சகோதரிகளும் அந்தப் பெண்ணைப் பேனாவால் திருத்தியிருக்கிறார்கள். அவர்களுக்குள் உடன்பாடு இல்லாத இடங்களையும் அப்படியே விட்டிருக்கிறேன். நான் மட்டக்களப்பில் பழைய படங்களைத் திருத்தி வாழ்கிறேன்.”

இதில் போர் என்ற சொல் இல்லை. ஒரேயொரு படம் மட்டும் மிஞ்சியது ஏன் என்று பார்ப்பவர் கேட்பார். அப்போது சொல்லலாம், சொல்லாமலும் விடலாம்.

இருபது படம் கேட்டால் இருபது கொடுக்க வேண்டும் என்பதில்லை. திருத்திய ஆறு படமும் ஒரு குரல்பதிவும் அனுப்புவதாக எழுதுங்கள். ஒப்புக்கொள்ளாவிட்டால் விட்டுவிடலாம், அந்த ஆறு படத்தையும் உங்கள் ஊர் வாசிகசாலையில் முதலில் வையுங்கள். எப்படியும் முதலில் அங்கேதான் வைக்க வேண்டும், பெத்தாவைத் தெரிந்தவர்கள் வந்து இன்னும் திருத்துவார்கள்.

ஒப்பந்தத்தில் கண்ணை வையுங்கள். இலங்கையின் 2003 ஆம் ஆண்டின் 36 ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டப்படி உங்கள் படைப்பின் பதிப்புரிமை உங்கள் வாழ்நாளுக்கும் அதன் பின் 70 ஆண்டுகளுக்கும் உண்டு. கண்காட்சிக் காலத்துக்கும் அதன் அறிவித்தலுக்கும் மட்டும் அனுமதி கொடுங்கள். நிரந்தரமாக, எல்லா ஊடகங்களிலும், என்ற சொற்கள் இருந்தால் வெட்டச் சொல்லுங்கள். படங்களைச் செயற்கை நுண்ணறிவுப் பயிற்சிக்குப் பயன்படுத்தக் கூடாது என்று ஒரு வரி சேர்க்கச் சொல்லுங்கள். அம்மாவின் கோடுகள் இருக்கும் படங்களில் அவருடைய பெயரும் வர வேண்டும், அவர் விரும்பினால் கொடுப்பனவில் பங்கும். காட்சிக் கட்டணம் எவ்வளவு என்று கேட்பதற்கு வெட்கப்பட வேண்டாம். விளம்பரம் கிடைக்கும் என்பது கட்டணம் அல்ல.

குறிப்பைத் தமிழில் எழுதி அனுப்புங்கள். மொழிபெயர்ப்புச் செலவு அவர்களுடையது. தமிழ் மூலமும் சுவரில் வர வேண்டும் என்று கேளுங்கள். கேட்டால் பெரும்பாலும் மறுக்க மாட்டார்கள். அச்சுக்குப் போகும் முன் பிடிஎஃப் கோப்பைக் கட்டாயம் வாங்கிப் பாருங்கள். தமிழ் ஒழுங்காக அமைக்கப்படாத வடிவமைப்பு மென்பொருளில் கொம்பு எழுத்துக்குப் பின்னால் போய் நிற்கும், கால் தனியே விழும். பெத்தாவின் பெயரை எழுத்தெழுத்தாகச் சரிபார்த்த பிறகே சம்மதம் அனுப்புங்கள்.